ஓட்டு வரிசையில் மூக்கில்லாத போலீஸ்காரர்

போன வாரம் உங்களில் மூத்தவள் சமூக அறிவியல் புத்தகத்தை உரக்கப் படித்துக்கொண்டிருந்தாள். நம் அரசியலமைப்பின் முகப்பில் இருக்கும் பெரிய சொற்கள். நீதி, சுதந்திரம், சமத்துவம் என்று வேகமாகப் போனவள், சகோதரத்துவத்துக்கு வந்ததும் நின்று என்னைப் பார்த்தாள்.

"ஏம்ப்பா, நீதி கோர்ட்டுல இருக்குது. சகோதரத்துவம் எங்க இருக்குது? அதப் போயி சட்டத்துல எப்படி எழுதுவாங்க?"

"வாட்ஸ்அப்புல இருக்குது" என்றான் சின்னவன். தேர்தல் சமயத்தில் உங்கள் சித்தப்பா கோபித்துக்கொண்டு நம் குடும்பக் குரூப்பை விட்டு வெளியேறினாரே, அதைத்தான் கிண்டல் செய்கிறான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நான் பத்தாவது வரை படித்தவன். அந்தச் சொல்லுக்கு அர்த்தம் சொல்லத் தெரியாது. ஆனால் உங்கள் வயதில் நான் பார்த்த ஒரு தேர்தல் நாள் மட்டும் அவள் கேட்டதிலிருந்து மனசுக்குள் ஓடிக்கொண்டே இருக்கிறது. அதை எழுதிவிடுகிறேன். நீங்களே படித்துப் பார்த்துச் சொல்லுங்கள்.

அப்போது நாங்கள் விருத்தாசலத்தில், பீங்கான் கம்பெனிகளுக்குப் பின்புறம் ஒரு லைன் வீட்டில் குடியிருந்தோம். அம்மாவின் தம்பி, என் மாமா, களிமண் கரைசலை அச்சில் ஊற்றிப் பொம்மை எடுப்பார். அம்மா வெந்து வந்த பொம்மைகளுக்குக் கண்ணும் புருவமும் எழுதுவார். நடுவில் இருந்தவர் அப்பா. சூளையில் தீ பார்ப்பது அவர் வேலை. மாமா ஊற்றிய உடம்பு அப்பாவின் தீயில் வெந்து அம்மாவின் கையில் கண் திறக்கும். ஊரெல்லாம் கொலுப் படிகளில் உட்கார்ந்திருக்கும் சாமிகள் பாதிப்பேர் எங்கள் குடும்பத்தின் வழியாகத்தான் போயிருப்பார்கள் என்று நான் பள்ளிக்கூடத்தில் பீற்றிக்கொள்வேன்.

எங்கள் லைனில் ஒரு பழக்கம் உண்டு. தெருக்குழாயில் தண்ணீர் எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. குடத்தை வரிசையில் வைத்தால் யாராவது எடுத்துப் போய்விடுவார்கள். அதனால் குடத்துக்குப் பதிலாகப் பொம்மை வைப்போம். சூளையில் கோணிப்போனது, உடைந்தது, ஒட்டிக்கொண்டது என்று கழித்துப் போட்ட பொம்மை எல்லார் வீட்டிலும் கிடக்கும். வீட்டுக்கு ஒன்று. பக்கத்து வீட்டுக்குத் தும்பிக்கை இல்லாத யானை. எதிர் வீட்டுக்கு மத்தளம் மட்டும் இருந்து மத்தளக்காரர் பாதி இல்லாத பொம்மை. எங்கள் வீட்டுக்கு மூக்கு வராத ஒரு போலீஸ்காரர். பொம்மை நின்ற இடம் அந்த வீட்டின் இடம். எவ்வளவு பெரிய சண்டைக்காரியும் அடுத்த வீட்டுப் பொம்மையைத் தள்ளி வைக்க மாட்டாள். ரேஷன் கடை, மண்ணெண்ணெய் வண்டி எல்லாவற்றுக்கும் இதேதான்.

அந்த வருடம் தேர்தல் நவராத்திரிக்குச் சற்று முன்னால் வந்தது. எனக்கு ஒரே குதூகலம். பள்ளிக்கூடமே ஓட்டுச்சாவடி! என் வகுப்பு பெஞ்சில் ஆபீசர் உட்காரப் போகிறார்! ஆனால் என்னைவிடக் குதூகலமாக இருந்தவர் அப்பா. ஓட்டுக்கென்று வெள்ளைச் சட்டையை முதல் நாளே தேய்த்து, சூளைக் கொட்டகையில் ஆணியில் மாட்டியிருந்தார்.

அதற்குக் காரணம் இருந்தது. அதற்கு முந்தைய தேர்தலில் வேலை முடித்துச் சாயங்காலம் போனவருக்கு, "உங்க ஓட்டு காலையிலேயே வுழுந்துடுச்சே" என்று சொல்லிவிட்டார்கள். யாரோ அவர் பேரில் போட்டுவிட்டுப் போயிருக்கிறார்கள். அப்பா வீட்டுக்கு வந்து விரலைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார். அன்றைக்குச் சாப்பிடவில்லை. "போனாப் போவுது, ஒரு ஓட்டுதான" என்றார் அம்மா.

"ஒரு ஓட்டா? வெள்ளக்காரன் காலத்துல சொத்து வெச்சிருக்கிறவனுக்கும் படிச்சவனுக்கும்தான் ஓட்டு. நாடு நம்ம கைக்கு வந்தப்ப, கைநாட்டு வெக்கிறவனுக்கும் சேத்து ஒரே நாள்ல எல்லாருக்கும் குடுத்தாங்க. மொதலாளிகிட்ட காரு இருக்குது, கம்பெனி இருக்குது. எங்கிட்ட என்னா இருக்குது? ஓட்டுல மட்டும்தான் அவருக்கும் ஒண்ணு, எனக்கும் ஒண்ணு. அதையும் எவனோ தூக்கிக்கினு போயிட்டான்."

இந்த முறை முதல் ஆளாகப் போய்விட வேண்டும் என்பது அப்பாவின் திட்டம். திட்டத்தை மழை கெடுத்தது. நாலு நாளாகத் தூறல். காயாத பொம்மைகள். ஈரப் பொம்மையை வேகமாகச் சூடேற்றினால் வெடித்துவிடும். அதனால் தேர்தலுக்கு முன்பே இறக்க வேண்டிய சூளை, தேர்தல் அன்று காலையிலும் எரிந்துகொண்டிருந்தது. அப்பாவுக்கு மாற்றாகத் தீ பார்ப்பவர் திட்டக்குடிக்காரர். தன் ஊரில் ஓட்டுப் போட்டுவிட்டு மதியத்துக்குள் வருவதாகச் சொல்லிப் போயிருந்தார். அவர் வரும்வரை அப்பா நகர முடியாது.

"இதுக்கா மூஞ்சியத் தொங்கப் போட்டுக்கினு இருக்கீங்க? எடம் போட்டு வெச்சிட்டாப் போச்சு" என்றார் மாமா. என் பக்கம் திரும்பினார். "மாப்ள! போலீஸத் தூக்கு!"

விடிந்தும் விடியாததுமாக நான் மூக்கில்லாத போலீஸ்காரரை மார்போடு அணைத்துக்கொண்டு பள்ளிக்கூடத்துக்கு ஓடினேன். வாசலில் அப்போது பத்துப் பேர்தான் நின்றார்கள். கடைசி ஆளுக்குப் பின்னால் போலீஸ்காரரை நிறுத்தினேன். எனக்குப் பின்னால் யானை வந்தது. மத்தளம் வந்தது. ஒரு காதுடைந்த பசு வந்தது. மாமாவையும் எதிர் வீட்டு அக்காவையும் தவிர லைனில் இருந்த அத்தனை பேரும் பொம்மையை வைத்துவிட்டு டீக்கடைக்குப் போய்விட்டார்கள். சுற்றுச்சுவர் ஓரமாக இளவெயிலில் பொம்மைகள் பளபளவென்று நின்ற அழகை இப்போது நினைத்தாலும் எனக்கு உடம்பு சிலிர்க்கிறது.

ஓட்டுச்சாவடி ஆபீசர் வரிசை எவ்வளவு தூரம் போகிறது என்று பார்க்க வெளியே வந்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிப் பார்த்தார்.

"என்னாய்யா இது? கொலு வெச்சிருக்கீங்களா?"

"வரிசைங்க சார். எங்க லைனுல கொழாய்க்கும் இப்புடித்தான் வெப்போம்" என்றார் எதிர் வீட்டு அக்கா.

"வரிசைன்னா ஆளுங்க எங்க?"

"டீக்கடையில."

காவலுக்கு வந்திருந்த போலீஸ்காரர் எங்கள் பொம்மையைக் கையில் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இவரு யாரு ஓட்டு?"

"எங்கப்பா ஓட்டுங்க சார்" என்றேன் நான்.

"மூக்கு இல்லன்னாலும் டூட்டியில எப்புடி வெறப்பா நிக்கிறாரு பாருங்க சார்" என்றார் மாமா. எல்லாரும் சிரித்துவிட்டார்கள். போலீஸ்காரரே உதட்டைக் கடித்துக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார். ஆபீசர் சிரிக்கவில்லை. ஆனால் கோபப்படவும் இல்லை. படிக்கட்டில் ஏறி நின்று எல்லாருக்கும் கேட்கிற மாதிரி சொன்னார்.

"கொழாயில குடத்துக்குத் தண்ணி. இங்க ஆளுக்குத்தான் ஓட்டு. ஆளு நிக்கணும். பொம்ம நிக்கப்படாது. பேரச் சொல்லிக்கினு வேற ஆளும் நிக்கப்படாது. மந்திரியே வந்தாலும் வரிசையில ஒரு ஆளாத்தான் நிக்கணும். எல்லாத்தையும் எடுங்க!"

அவ்வளவுதான், டீக்கடையிலிருந்து ஒரே ஓட்டம்! பாதி டம்ளரோடு ஓடி வந்தவர்கள், செருப்பை விட்டுவிட்டு வந்தவர்கள். எல்லாரும் தத்தம் பொம்மை நின்ற இடத்தில் ஒரு சாண் பிசகாமல் வந்து நின்றுகொண்டார்கள். எங்கள் போலீஸ்காரர் இடம் மட்டும் காலி. நான் அதில் நின்றேன்.

ஆபீசர் குனிந்தார். "தம்பி, நீ நிக்கிறதும் அந்தப் பொம்ம நிக்கிறதும் ஒண்ணுதான். அப்பாவக் கூட்டிக்கினு வா. அஞ்சு மணிக்குள்ள வரிசையில வந்து நின்னுட்டாப் போதும். அதுக்கு மேல கேட்டச் சாத்திடுவோம்."

அன்றைக்கு நான் ஓடிய ஓட்டம் கொஞ்சமல்ல. பள்ளிக்கூடத்திலிருந்து சூளைக்கு, சூளையிலிருந்து பஸ் நிற்கும் இடத்துக்கு, மறுபடி பள்ளிக்கூடத்துக்கு. திட்டக்குடி பஸ்கள் ஒவ்வொன்றாக வந்தன. எல்லாவற்றிலும் ஊருக்குப் போய் ஓட்டுப் போட்டுத் திரும்புகிற கூட்டம், படியிலும் ஏணியிலும் தொங்கிக்கொண்டு. மாற்று ஆள் மட்டும் இறங்கவில்லை. போலீஸ்காரப் பொம்மையை எங்கே வைப்பது என்று தெரியாமல் அன்று முழுக்க அக்குளில் இடுக்கிக்கொண்டே ஓடினேன்.

மதியம் அம்மா சோறு கொண்டுவந்தார். அவர் விரலில் மை காய்ந்திருந்தது. அப்பா அதைப் பார்க்காத மாதிரி சூளைச் சுவரில் இருந்த ஓட்டையில் கண்ணை வைத்துக்கொண்டார். உள்ளே கோன் என்று விரல் நீளத்தில் மண் கூம்புகளை நிறுத்தியிருப்பார்கள். சூடு சரியான அளவுக்கு வந்ததும் அவை தலை சாயும். சாய்ந்தால்தான் தீயை நிறுத்தலாம். அதற்கு முன்னால் விட்டால் பொம்மை வேகாது. மிஞ்ச விட்டால் எல்லாம் உருகிச் சரிந்துவிடும்.

"இன்னும் வெறப்பாவே நிக்குது" என்றார் அப்பா.

"ஏங்க, தீயக் கொறச்சி வெச்சிட்டு ஒரு ஓட்டம் போயிட்டு வந்துடுங்களேன். பொம்ம போனா மாமன் வேற பொம்ம ஊத்துவான். ஓட்டு போனா யாரு ஊத்துவாங்க?"

"நல்லா வந்த உருப்படிக்குத்தான் எல்லாருக்கும் கூலி. இது என் ஒருத்தன் பொம்ம இல்ல. லைனு மொத்தமும் இதுக்குள்ள இருக்குது."

அம்மா சோற்றுத் தூக்கைத் திறந்து அவர் பக்கத்தில் வைத்தார். எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. இதற்குள் எவனாவது போய் அப்பாவின் ஓட்டைப் போட்டிருப்பானோ? அதைக் காவல் காக்கவாவது போவோம் என்று மறுபடி பள்ளிக்கூடத்துக்கு ஓடினேன்.

நாலு மணி தாண்டியிருக்கும். முதலாளியின் கார் வந்து நின்றது. அவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். எந்நேரமும் தன் கட்சிக் கரை போட்ட வேட்டிதான் கட்டுவார். அப்பா அதற்கு எதிர்க்கட்சி. வேலை நேரத்தில்கூட இருவரும் விட்டுக்கொடுக்காமல் வாதம் செய்வார்கள். "உன் ஆளு என்னாய்யா கிழிச்சான்?" என்பார் முதலாளி. "உங்க ஆளு கிழிச்சதத்தான் எங்க ஆளு தைக்கிறாரு மொதலாளி" என்பார் அப்பா.

முதலாளியைப் பார்த்ததும் வாசலில் இருந்த அவர் கட்சிக்காரர்கள், "அண்ணன் வராரு, வழி வுடுங்க" என்று வரிசையை விலக்கினார்கள். ஜனங்களும் பழக்கதோஷத்தில் விலகிவிட்டார்கள். அவரும் பழக்கதோஷத்தில் நேராக நடந்தார்.

எனக்கு என்ன ஆயிற்று என்று இன்றுவரை தெரியாது. பொம்மையைப் பிடித்துக்கொண்டு முன்னால் போய் நின்று கத்தினேன். "மந்திரியே வந்தாலும் வரிசையிலதான் நிக்கணுமாம்! ஆபீசரு சொன்னாரு!"

முதலாளி என்னைப் பார்த்தார். பிறகு என் கையில் இருந்த பொம்மையைப் பார்த்தார். அது அவர் கம்பெனிச் சரக்குதான்.

"யாரு வூட்டுப் பையன் நீ?"

"தீ பாக்குறவரு பையன்."

"உங்கப்பன் போட்டுட்டானா?"

"இல்ல. கோன் சாயல. திட்டக்குடிக்காரரு வரல. கேட்டச் சாத்தப் போறாங்க." சொல்லி முடிப்பதற்குள் நான் அழுதுவிட்டேன்.

அவர் திரும்பி நடந்து வரிசையின் கடைசியில் போய் நின்றார். வரிசை சின்னதுதான். ஆனால் அவர் நின்றதில் அது நீண்டுவிட்ட மாதிரி இருந்தது. அவருக்கு முன்னால் நின்ற அம்மாள், எங்கள் கம்பெனியில் மண் பிசைபவர், "நீங்க முன்னாடி போங்க மொதலாளி" என்று நெளிந்தார். "நில்லும்மா, உன் எடத்துல" என்றார். மை வைத்துக்கொண்டு வெளியே வந்ததும் என் தோளைப் பிடித்துத் தள்ளினார். "ஏறுடா வண்டியில!" டிரைவர் கிடையாது, அவரேதான் ஓட்டுவார்.

பிள்ளைகளே, அதுதான் நான் கார் என்ற ஒன்றில் ஏறிய முதல் தடவை! ஜன்னல் கண்ணாடி வழியாக யாராவது என்னைப் பார்க்கிறார்களா என்று நான் பார்த்துக்கொண்டே போனேன். தெரிந்தவர் ஒருவர்கூடத் தெருவில் இல்லை.

சூளைக் கொட்டகைக்குள் நுழைந்ததும் முதலாளி சட்டையைக் கழற்றி, அப்பாவின் வெள்ளைச் சட்டை தொங்கிய ஆணியிலேயே மாட்டினார். வேட்டியை மடித்துக் கட்டினார்.

"எழுந்திருய்யா. போயி ஓட்டப் போட்டுட்டு வா."

"கோன் இன்னும் சாயல மொதலாளி. இந்த நேரத்துல வுட்டா..."

"நான் பாக்காத தீயா? உனக்கு முன்னாடி இந்த ஓட்டையில கண்ண வெச்சவன் நானு. போ!"

"வலது பக்கம் கொஞ்சம் அடங்கி எரியுது, அத மட்டும்..."

"தெரியுதுய்யா, கண்ணு இருக்குது. என் ஆளுக்கு எதிராத்தான் குத்தப் போற. நல்லாத் தெரியும். போயித் தொல!"

அப்பா ஒரு கணம் அவரைப் பார்த்தார். "ஆமா மொதலாளி" என்றார். வெள்ளைச் சட்டையை மாட்டிக்கொண்டு சைக்கிளை எடுத்தார். நான் முன்கம்பியில் தொற்றிக்கொண்டேன்.

பறந்தோம்! அப்பா அப்படி மிதித்து நான் பார்த்ததில்லை. ரயில்வே கேட்டுக்கு வந்தால், கேட் போட்டிருக்கிறது. கூட்ஸ் வண்டி. நம் ஊர் ஜங்ஷன் ஆயிற்றே, கூட்ஸ் வண்டி என்றால் ஊர்வலம் மாதிரிதான் போகும். பெட்டி, பெட்டி, பெட்டி. அப்பா ஒற்றைக் காலை ஊன்றி நின்றார். அவர் நெஞ்சு என் முதுகில் திம் திம் என்று இடித்தது. பக்கத்தில் சிலர் கேட்டுக்குக் கீழே குனிந்து போய் ரயில் நகரக் காத்திருந்தார்கள். அப்பா குனியவில்லை. நான் இருந்ததனால் குனியவில்லை என்று நினைக்கிறேன். நீங்களும் எந்த அவசரத்திலும் குனியக் கூடாது, சொல்லிவிட்டேன்.

பள்ளிக்கூடம் கண்ணுக்குத் தெரிந்தபோது போலீஸ்காரர் இரும்புக் கேட்டைத் தள்ளிக்கொண்டிருந்தார். நான் பொம்மையைத் தலைக்கு மேல் தூக்கி ஆட்டினேன். அவர் கண்ணில் பட்டுவிட்டது.

"ஏய், மூக்கில்லாதவன் வரான்யா! வாங்க வாங்க, ஓடி வாங்க! இன்னும் நேரம் இருக்குது!" ஒரு ஆள் நுழையும் அளவுக்கு மட்டும் கேட்டைப் பிடித்துக்கொண்டு கத்தினார். அப்பா சைக்கிளை அப்படியே என் மேல் சாய்த்துவிட்டு உள்ளே பாய்ந்தார். அவருக்குப் பின்னால் கேட்டைச் சாத்தினார்கள். வரிசையில் கடைசி ஆள் அப்பாதான். ஆபீசர் வெளியே வந்து, நின்றவர்கள் கையில் எல்லாம் ஒரு சீட்டைக் கொடுத்தார். அது இருந்தால் அஞ்சு மணிக்கு மேலும் போடலாமாம்.

நான் கேட் கம்பியில் முகத்தை வைத்து நின்றேன். ஒவ்வொருவராக உள்ளே போய் வந்தார்கள். அப்பா போனார். வெளியே வரவில்லை. பட்டியலில் பேரைத் தேடுகிறார்களோ? காலையிலேயே விழுந்துவிட்டது என்று சொல்லிவிட்டார்களோ? கேட் கம்பியில் ஏறி எட்டிப் பார்த்தேன். அதற்குள் அப்பா படியில் தெரிந்தார். ஓட்டுச் சீட்டில் மை பரவாமல் மடிக்க வேண்டுமே என்று நிதானமாக மடித்தாராம், அதுதான் தாமதம். இடது கை விரலைத் தூக்கி, பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாதிரி என்னிடம் காட்டிக்கொண்டே வந்தார். நான் கேட்டுக்கு வெளியே குதித்த குதியில் சைக்கிள் கீழே விழுந்து மணி கழன்றுகொண்டது.

திரும்பிப் போனபோது முதலாளி வெற்று உடம்பில் வேர்வை வழிய முக்காலியில் உட்கார்ந்திருந்தார். முகமெல்லாம் கரி. மாமாவும் வந்திருந்தார்.

"போட்டாச்சா?"

"போட்டாச்சு மொதலாளி."

"வந்து பாரு. இப்பதான் தலையச் சாய்க்குது."

இருவரும் அந்தச் சின்ன ஓட்டைக்கு முன்னால் கன்னத்தோடு கன்னம் உரச, மாறி மாறிக் கண்ணை வைத்துப் பார்த்தார்கள். அப்பா தீயை நிறுத்தினார். மாமா டீ வாங்கி வந்தார். டம்ளர் கைக்கு வந்ததுதான் தாமதம், "இந்தத் தடவ உன் ஆளு டெபாசிட்டே வாங்க மாட்டான் பாரு" என்று முதலாளி ஆரம்பித்தார். "எண்ணி முடிக்கட்டும், பேசிக்கலாம்" என்றார் அப்பா. வழக்கம்போல் சத்தம் ஏறியது.

நான் மண்மூட்டை மேல் உட்கார்ந்து மனசுக்குள் ஒரு கணக்குப் போட்டேன். முதலாளி இந்தப் பக்கம் ஒன்று. அப்பா அந்தப் பக்கம் ஒன்று. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"அப்பா! நீ ஒண்ணு போட்ட, அவரு ஒண்ணு போட்டாரு. ரெண்டும் கழிஞ்சிபோச்சே! ரெண்டு பேரும் போவாமலே இருந்திருந்தாலும் அதேதான? அவரு உன்ன வுடாம இருந்திருந்தா அவருக்கு ஒரு ஓட்டு லாபமாவது இருந்திருக்கும்!"

வாதம் நின்றது. அப்பா முதலாளியைப் பார்த்தார். முதலாளி அப்பாவைப் பார்த்தார். பிறகு இரண்டு பேரும் சிரித்தார்கள் பாருங்கள், அப்படி ஒரு சிரிப்பு. முதலாளிக்கு டீ புரையேறிவிட்டது. அப்பா அவர் முதுகில் தட்டிக்கொண்டே சிரித்தார். தட்டிய கையின் கரி அந்த முதுகில் அப்படியே பதிந்தது. இரண்டு பேருமே அதைக் கவனிக்கவில்லை.

"பையன் கணக்கு சரிதான்யா" என்றார் முதலாளி, கண்ணைத் துடைத்துக்கொண்டு.

"சரியாத்தான் போட்டிருக்கான்" என்றார் அப்பா.

எனக்கு ரோஷமாக இருந்தது. கணக்கு சரி என்று இரண்டு பேருமே ஒத்துக்கொள்கிறார்கள். அப்படியானால் ஒருநாள் முழுக்க நான் ஓடியது, அப்பா தவித்தது, முதலாளி கரி பூசிக்கொண்டது எல்லாம் சேர்ந்து பூஜ்யம் என்றுதானே அர்த்தம்? இவ்வளவு பெரிய நஷ்டத்தில் இந்த இரண்டு பெரிய ஆட்களுக்கு என்ன இவ்வளவு சந்தோஷம் என்று வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் யோசித்துப் பார்த்தேன். அப்பாவோ சைக்கிளைத் தள்ளிக்கொண்டு, மணி இல்லாத சைக்கிளுக்கு வாயாலேயே 'ட்ரிங் ட்ரிங்' என்று அடித்துக்கொண்டு வந்தார்.